எழுபத்துமூன்று குடும்பங்களும் ஐந்து திரிகளும்

புளியடித்துறை மக்கள் ஒன்றியத்தின் கனடாக் கிளையில் முடியாட்சி இருபத்தொரு வருடம் நடந்தது. தலைவர் தில்லையம்பலத்திடம் கிரீடம் இருக்கவில்லை. அதற்குப் பதிலாக ஒரு மணவறைக் கதிரை இருந்தது. தங்க நிறம், கை வைக்கும் இடத்தில் சிங்க முகம். யாருடைய கல்யாணத்துக்கோ ஒன்றியம் கூடும் மண்டபத்துக்கு வந்தது, திரும்பிப் போகவில்லை. தில்லையம்பலமும் அப்படித்தான், ஒரு வருடத்துக்கென்று வந்தவர்.

ஒன்றியத்தின் பொங்கல் விழா விளக்கேற்றலோடு தொடங்கும். ரொறன்ரோவில் தமிழர் கூடும் இடத்தில் யார் பேசினார், யார் ஆடினார் என்பதெல்லாம் பெரிதில்லை. விளக்கேற்ற யாரை மைக்கில் பெயர் சொல்லி அழைத்தார்கள் என்பதுதான் பெரிது. அழைக்கப்பட்டவர் அந்த வருடம் முழுக்க நெஞ்சை நிமிர்த்தி நடப்பார். அழைக்கப்படாதவர் கடைசி வரிசையில் இருந்து வடை கல்லுப்போல இருக்கிறது என்பார்.

ஒன்றியத்தின் குத்துவிளக்கில் ஐந்து முகம். முதல் திரி தில்லையம்பலத்துக்கு, இரண்டாவது அவர் மனைவி மங்கையற்கரசிக்கு, மூன்றாவது மகன் கஜீவனுக்கு, நான்காவது மருமகளுக்கு. ஐந்தாவது திரி பொதுமக்களுக்கு. அந்தப் பொதுமக்கள் எப்போதும் ஒரு வீடு விற்கும் முகவராக இருந்தார்.

விளக்கைப் புளி போட்டு மினுக்கி, திரி உருட்டி, எண்ணெய் விட்டு மேடையில் வைப்பவள் புனிதவதி. ரூஜ் பகுதியில் இருக்கும் மகள் வீட்டிலிருந்து பதினெட்டு வருடமாக விளக்கை இரண்டு சில்லு வைத்த கைவண்டிலில் வைத்து, பஸ் ஏறிக் கொண்டு வருகிறாள். ‘சங்கத்து விளக்கு’ என்று எல்லோரும் சொல்வார்கள். அவள் மறுத்ததில்லை. அவளைச் ‘சிவஞானத்தின்ர மனுசி’ என்பார்கள். சிவஞானம் இறந்து ஆறு வருடமான பிறகும் அதுதான் அவள் பெயர். ஒரே ஒரு முறை தன் பெயரை மைக்கில் கேட்டு, எழுந்து போய், ஒரு திரியைக் கொளுத்த வேண்டும். அவளுக்கு இருந்த ஆசை அவ்வளவுதான்.

“வாற வருசம் உம்மைத்தான் கூப்பிடுறது, தங்கச்சி,” என்று தில்லையம்பலம் ஒவ்வொரு வருடமும் சொன்னார். சொல்லும்போது அவர் முகத்தில் உண்மையான அன்பு இருக்கும். மன்னர்களுக்கு அது கைவந்த கலை.

முடியாட்சி ஒரு சனிக்கிழமை மத்தியானம் விழுந்தது.

“எனக்கு வயசு போட்டுது,” என்றார் தில்லையம்பலம் பொதுக்கூட்டத்தில். “இனி மகன் பாப்பான்.”

“உதென்ன அரண்மனையோ?” என்று பின்வரிசை எழுந்தது.

கஜீவன் போனிலிருந்து தலையைத் தூக்கினான். “அப்பா, ஐ டிடின்ட் ஈவன் ஆஸ்க் ஃபோர் திஸ்.”

இளவரசரே கைவிட்ட பிறகு எந்த அரசு நிற்கும்? அரை மணி நேரத்தில் கதிரை கவிழ்ந்து சிங்கத்துக்கு ஒரு காது போனது. ஆள் ஆளைப் பிடித்துத் தள்ளும் நேரத்தில் கதவு திறந்தது. பிரியந்தன் நின்றான். மிசிசாகாவில் செக்கியூரிட்டி சுப்பர்வைசர், வேலையிலிருந்து நேராக வந்திருந்தான். தோளில் பட்டி, இடுப்பில் வோக்கிடோக்கி.

“ஒருத்தரும் அசையக் கூடாது!” என்றான்.

ஊரில் நடந்த சண்டைக்குத் தப்பி வந்த சனம். தோளில் பட்டி வைத்த சட்டையைக் கண்டால் கை தானாக அடையாள அட்டையைத் தேடும். முப்பது வருடக் குளிரிலும் அந்தப் பழக்கம் உறையவில்லை. எல்லோரும் உட்கார்ந்தார்கள். இரண்டு பேர் லைசென்சையே எடுத்து நீட்டினார்கள். பிரியந்தன் அதை வாங்கிப் பார்த்துத் திருப்பிக் கொடுத்தான். அந்த நிமிடம் அவன் கப்டனானான்.

“நிலைமை சீராகும் மட்டும் நான் பாக்கிறன். மூண்டு மாசம்.”

மூன்று மாதம் மூன்று முறை நீண்டது. பேச்சுக்கு இரண்டு நிமிடம், பாயசம் ஆளுக்கு ஒரு கப், கழற்றிய சப்பாத்துகள் வாசலில் நேர்கோட்டில். கப்டன் அடிக்கடி வோக்கிடோக்கியில் ஏதோ சொல்வான். ஒன்றியத்தில் வேறு யாரிடமும் வோக்கிடோக்கி இல்லை. யாரோடு பேசுகிறான் என்று கேட்க ஒருவருக்கும் துணிவு வரவில்லை.

அந்தப் பொங்கலுக்கு ஐந்து திரியையும் அவனே கொளுத்தினான்.

“அன்ரி, ஆக்களைக் கூப்பிட்டால் கூட்டம் குழம்பும்,” என்றான் புனிதவதியிடம். “எல்லாம் சீரானதும் முதல் ஆள் நீங்கள்தான்.”

இராணுவ ஆட்சிகள் புரட்சியால் விழும், போரால் விழும். புளியடித்துறையின் இராணுவ ஆட்சி, கப்டனுக்கு வேலையிடத்தில் சனிக்கிழமை ஷிஃப்ற் போட்டதால் விழுந்தது. ஒன்றியத்தின் கூட்டமெல்லாம் சனிக்கிழமைதான்.

அடுத்தது குடியரசு. அஜக்ஸ் நகரிலிருந்து ஜனார்த்தன் நாற்பத்தொரு பக்கச் சட்ட யாப்போடு வந்தான். “இனி மன்னருமில்லை, கப்டனுமில்லை. எல்லாரும் சமன்!” என்று முழங்கினான். காதறுந்த சிங்கக் கதிரை களஞ்சிய அறைக்குப் போனது. எல்லோரும் வெறும் உறுப்பினர், ஜனார்த்தன் மட்டும் முதன்மை உறுப்பினர். அவனும் எல்லோரையும் போல மடிக்கும் கதிரையில்தான் இருந்தான். குஷன் மட்டும் இரண்டு.

யாப்பின் ஒன்பதாம் பிரிவு: விளக்கேற்றும் உரிமை எல்லாக் குடும்பங்களுக்கும் உண்டு.

குடும்பங்கள் எழுபத்துமூன்று. திரிகள் ஐந்து. மண்டபத்துக்காரர் அதற்குமேல் ஒரு நெருப்பும் கூடாது என்று எழுதியே கொடுத்திருந்தார். குடியரசு யோசித்து வழி கண்டது. ஐந்து பேர் ஏற்றியதும் திரிகளை அணைத்து விளக்கை நூர்ப்பது, அடுத்த ஐந்து பேரை அழைப்பது. நூர்ப்பது யார்? அதற்கு வாக்கெடுப்புத் தேவைப்படவில்லை. எல்லோரும் புனிதவதியைப் பார்த்தார்கள்.

பொங்கல் விழா ஞாயிற்றுக்கிழமை வைத்தபடியால் கப்டனும் வந்திருந்தான். முன்னாள் மன்னரும் வந்திருந்தார். வெளியே பனி கொட்டியது. உள்ளே குடியரசு வரிசையில் நின்றது. ஜனார்த்தன் பெயர் வாசித்தான். ஒருவர் வந்தார், கொளுத்தினார், போனுக்குச் சிரித்தார். ஐந்து பேர் முடிய, புனிதவதி பூவால் ஒவ்வொரு திரியாக நூர்த்து எண்ணெய் விட்டாள். ஒரு மணி நேரத்தில் மங்கள விளக்கை ஆறு முறை நூர்த்துவிட்டாள். பொங்கல் இறுகிக்கொண்டிருந்தது.

முப்பத்தோராவது பெயர் வந்தது.

“சிவஞானம்!”

ஒருவரும் வரவில்லை.

“சிவஞானம், ரெண்டாந்தரம்!”

“தம்பி, அவர் செத்து ஆறு வருசம்,” என்றாள் புனிதவதி, கையில் எண்ணெய்ப் போத்தலோடு.

ஜனார்த்தன் மைக்கைப் பொத்தினான். “விளங்குது அன்ரி. ஆனா யாப்பில ‘குடும்பத் தலைவர்’ எண்டுதான் கிடக்கு. உங்கட பேர் பட்டியல்ல இல்லை. திருத்தம் கொண்டு வரலாம், மூண்டில ரெண்டு பங்கு வாக்கு வேணும். வாற வருசம் கட்டாயம்.”

“என்ர பேர் என்ன?”

“என்ன அன்ரி?”

“என்ர பேர் என்னெண்டு தெரியுமோ?”

ஜனார்த்தன் பட்டியலைப் பார்த்தான். பிறகு கப்டனைப் பார்த்தான். கப்டன் கூரையைப் பார்த்தான். முன்வரிசையிலிருந்து தில்லையம்பலம் உதவிக்கு வந்தார்: “சிவஞானத்தின்ர மனுசி.”

புனிதவதி போத்தலைக் கீழே வைத்தாள். விளக்கின் மேல்தட்டைச் சுழற்றிக் கழற்றி, எண்ணெயைப் போத்தலுக்குள் வடித்தாள். பிறகு தண்டைக் கழற்றினாள்.

மூன்று ஆட்சிகளும் விளக்கடிக்கு ஓடி வந்தன. “அது சங்கத்து விளக்கு!” என்று மூன்று பேரும் ஒரே குரலில் சொன்னார்கள். ஒன்றியத்தின் வரலாற்றில் அவர்கள் உடன்பட்ட ஒரே விடயம் அதுதான்.

அவள் விளக்கின் அடியைத் திருப்பி, சேலைத் தலைப்பால் துடைத்து, ஜனார்த்தனின் முகத்துக்கு நேரே பிடித்தாள். ஊரில் பெண்ணுக்குச் சீதனமாகக் கொடுக்கும் பித்தளைச் சாமான்களில் பெயர் வெட்டி விடுவார்கள், இரவல் போனால் மாறாமல் திரும்பி வருவதற்கு. புள்ளி புள்ளியாக அங்கே எழுத்து இருந்தது. பதினெட்டு வருடத்தில் விளக்கை மினுக்கியவள் மட்டும்தான் அதைக் கண்டிருந்தாள்.

“வாசியும். மைக்கில.”

“புனிதவதி,” என்று வாசித்தான் ஜனார்த்தன்.

மைக்கில் எந்தப் பெயர் வந்தாலும் கை தட்டும் பழக்கத்தில் மண்டபம் கை தட்டியது.

புனிதவதி தண்டையும் தட்டையும் பூட்டினாள். எண்ணெய் விட்டாள். அவசரப்படாமல் ஐந்து திரியையும் கொளுத்தினாள். பிறகு படியிறங்கிப் போய் முன்வரிசையில் உட்கார்ந்தாள்.

“அன்ரி, நூர்த்தால்தானே அடுத்த ஆள்...”

“நீர் நூரும், தம்பி.”

எரிகிற மங்கள விளக்கை முழு ஊரும் பார்க்க நூர்ப்பதா? ஜனார்த்தன் கப்டனிடம் பூவை நீட்டினான். “நான் இப்ப பதவியில இல்லை,” என்றான் கப்டன். தில்லையம்பலம் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டார். வரிசையில் நின்ற நாற்பத்திரண்டு குடும்பங்கள் யாப்பை ஒருமுறையும், பொங்கல் பானையை ஒருமுறையும் பார்த்தன. பிறகு பானைப் பக்கம் போயின. பின்வரிசையில் யாரோ வடை கல்லுப்போல இருக்கிறது என்றார்கள்.

விழா முடிந்து அவள் விளக்கை வண்டிலில் வைத்துக் கட்டும்போது ஜனார்த்தன் ஒரு படிவத்தோடு வந்தான்.

“அன்ரி, விளக்கைச் சங்கத்துக்கு எழுதித் தந்தீங்களெண்டா...”

“ஓம் தம்பி,” என்றாள் புனிதவதி, வண்டிலை வாசல் பக்கம் திருப்பியபடி. “வாற வருசம் கட்டாயம்.”