முதல் பரங்கிக்காய்

கல்லும் முள்ளுமாய்க் கிடந்த மேட்டைக் கொத்திக் கொல்லையாக்கியது அம்முலுவின் மாமனார். அவர் காலத்துக்குப் பிறகு அவளும் புருஷன் எல்லப்பனும் அதில் கேழ்வரகும் பரங்கியும் போட்டார்கள். பட்டா என்னவோ பெருநகர் கிராமத்துப் பெரிய வீட்டு நமச்சிவாயத்தின் பேரில்தான். அந்த மனுஷன் ஒரு நாளாவது அந்த வரப்பில் கால் வைத்திருப்பாரா? எல்லப்பன் கிணறு வெட்டித் தண்ணீர் கண்ட பிறகுதான் அவருக்குச் சொத்து ஞாபகம் வந்தது. சத்தம் காட்டாமல் காஞ்சிபுரம் பட்டு வியாபாரி வேதாசலத்துக்குக் கிரயம் எழுதிக் கொடுத்துவிட்டார். பத்திரத்தைத் தூக்கிக்கொண்டு வேதாசலம் கோர்ட்டுக்குப் போனார்.

"பன்னெண்டு வருஷத்துக்கு மேல, யார் தயவும் இல்லாம, உன் நிலம்னு ஆண்டிருந்தா அது உன்னுதுதான். அதை மட்டும் சொல்லு" என்று எல்லப்பனுக்கு அவன் வக்கீல் படித்துப் படித்துச் சொல்லியிருந்தார்.

கூண்டில் ஏறியவனிடம் எதிர்க்கட்சி வக்கீல் தேனொழுகக் கேட்டார். "பொங்கலுக்குப் பொங்கல் நமச்சிவாயம் வீட்டுக்குப் பரங்கிக்காய் கொடுப்பியாமே?"

"ஆமாங்க. மொதக் காயி அங்கதான் போவும். ஒரு வருஷமும் தவறுனதில்ல" என்றான் எல்லப்பன், பெருமையாக.

"அதுதான் குத்தகை! குத்தகைக்காரன் எத்தனை காலம் உழுதாலும் நிலம் அவனுதாகாது."

எல்லப்பன் பதறிப்போனான். "குத்தகை இல்லீங்க! மொதக் காயி சாமிக்கு. எங்க சனத்தைக் கோயிலுக்குள்ள வுடறதில்ல. ஐயா தர்மகர்த்தா, அவர் கையால உள்ள போவட்டும்னு குடுத்தோம்."

அம்முலு பின்னால் நின்றிருந்தாள். காயைத் தலையில் சுமந்து போனவள் அவள்தானே. பெரிய வீட்டுப் புழக்கடையில் இறக்கும்போதெல்லாம், "வச்சுட்டுப் போ, சாமிக்குச் சேர்த்துடறேன்" என்று இதே நமச்சிவாயம்தான் சொல்வார்.

அவரைக் கூண்டில் ஏற்றி எல்லப்பனின் வக்கீல் கேட்டார். "அந்தக் காயைச் சாமிக்குப் படைத்தீர்களா?"

படைத்தேன் என்றால் அது குத்தகை இல்லையென்று ஆகிவிடும், கிரயம் கவிழ்ந்துவிடும். நமச்சிவாயம் நெற்றி விபூதி வியர்வையில் கரைய, "இல்லை. குத்தகைக் காய்தானே? வீட்டில் கூட்டு வைத்துச் சாப்பிட்டோம்" என்றார். சத்தியப் பிரமாணம் செய்த வாய்! வேடிக்கை பார்க்க வந்திருந்த பாதி ஊரும் அதைக் கேட்டது.

தீர்ப்பு வேதாசலத்தின் பக்கம் போனது. கிணறும் போனது.

கொல்லையை ஒப்படைக்கும் நாளில் கொடியில் ஒரே ஒரு காய் முற்றியிருந்தது. அம்முலு அதைப் பறித்துத் தலையில் வைத்துக்கொண்டு, பெரிய வீட்டைத் தாண்டி நேரே கோயிலுக்கு நடந்தாள். யாரும் உள்ளே போகலாம் என்று சட்டம் வந்து எவ்வளவோ காலமாகியும் அவள் சனத்தில் ஒருவரும் அந்தப் படியை மிதித்ததில்லை.

வாசலில் நாலு பேரோடு நின்ற நமச்சிவாயம், "எங்கே போறே?" என்று அதட்டினார்.

"இது சாமியோட காயி. இத்தினி வருஷமா உன்ன நம்பிக் குடுத்தேன், நீ துன்னுட்டே. இன்னா மூஞ்ச வச்சிக்கினு வாசல்ல நிக்கிற? வழி வுடுய்யா."

அவர் பக்கத்தில் நின்றவர்களைப் பார்த்தார். அவர்கள் தரையைப் பார்த்தார்கள். அம்முலு காயை ஒரு கையால் பிடித்துக்கொண்டு படி ஏறி உள்ளே போனாள்.