பாமாலைப் புத்தகத்துக்குப் பின்னால் உருண்ட பகடை

அந்தப் பள்ளத்தாக்கில் பாதிப் பேருக்கு ஜோன்ஸ் என்று பெயர், மீதிப் பேருக்கு டேவிஸ். ஆளை அடையாளம் சொல்ல வேண்டுமே என்று ஊரே ஆளாளுக்கு ஒரு பட்டப்பெயர் வைத்துவிடும். ரொட்டிக் கடைக்காரர் ரொட்டி டேவிஸ். எப்போதும் மூஞ்சியைத் தொங்கப்போட்டுக்கொண்டு திரிகிறவர் மழை ஜோன்ஸ். மெர்வினுக்கு வைத்த பெயர் வரைபட மெர்வின். கரிச் சுரங்கத்தில் வேலை பார்க்கிற ஆள்தான். ஆனால் மண்டைக்குள் ஒரு நாடே வைத்திருந்தான். அந்த நாட்டுக்குப் பெயர் வெரின்.

ஏதோ வாய்க்கு வந்ததை அளந்துவிடுகிற நாடு இல்லை அது. மேற்கு மலையில் மழை கொட்டினால் எந்த நதி பொங்கும், உப்பு எந்த ஊரில் விளைகிறது, அதனால் எந்த ஊர்க்காரனுக்குத் திமிர் அதிகம், இறந்தவர்களை எந்தப் பக்கம் தலைவைத்துப் புதைப்பார்கள் என்று எல்லாவற்றுக்கும் அவனிடம் பதில் இருந்தது. பூமிக்கு அடியில், தலைவிளக்கு வெளிச்சத்தில் கரி வெட்டிக்கொண்டே யோசித்ததெல்லாம் அது. ஆண்டவர் ஆறு நாளில் முடித்ததை நீ ஆறு வருஷமாக இழுத்துக்கொண்டிருக்கிறாயே என்று போதகர்கூடக் கிண்டல் செய்வார்.

ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்து, சாப்பாடும் முடிந்ததும் மூன்று பேர் அவன் வீட்டு முன்னறைக்கு வருவார்கள். மெர்வின் நாட்டைக் கதையாகச் சொல்வான். மற்றவர்கள் அதற்குள் ஆளுக்கு ஒரு பாத்திரமாக வாழ்வார்கள். தொழிற்சங்கக் கமிட்டியில் இருந்தவனுக்கு ஐவர் என்று பெயர், அவன் அங்கே ஒரு வாள்படைத் தலைவன். பாடகர் குழுவில் கட்டைக் குரலில் பாடுகிற, மற்றபடி வாயே திறக்காத ஹவெல் அங்கே ஒரு வைத்தியன். மெர்வினோடு பள்ளிக்கூடத்தில் ஒரே பெஞ்சில் உட்கார்ந்து, பிறகு ஒரே சுரங்கமுனையில் கரி வெட்டிய குவிலிம் அங்கே ஓடக்காரன் ஓர்டன். வாள் வேண்டாம், மந்திரம் வேண்டாம், ஒரு நதியும் ஒரு கயிறும் ஒரு ஓடமும் போதும் என்று முதல் நாளே கேட்டு வாங்கிக்கொண்டவன். “உனக்கு அங்கயும் வேலைக்குப் போகணுமாடா?” என்று ஐவர் சிரித்தான். ஆனால் வருஷங்கள் போகப் போக அந்த ஓடத்துறையைச் சுற்றி ஒரு சத்திரம் வந்தது, சந்தை வந்தது, பிள்ளைகள் வந்தார்கள். வெரினில் எல்லோருக்கும் பிடித்த இடம் ஓர்டனின் துறைதான். போருக்குப் போய் மிஞ்சி வருகிறவர்கள் நேரே அங்கேதான் வந்து விழுவார்கள்.

வெரினுக்கு ஒரே சட்டம். இருபது முகப் பகடையை மேஜை நடுவில், எல்லோர் கண்ணும் பார்க்க உருட்ட வேண்டும். விழுந்தது விழுந்ததுதான். செத்தவர் செத்தவர்தான். மெர்வின் தன் முதல் காதலியைக்கூட அவ்வளவு யோசித்திருக்க மாட்டான், அப்படிச் செதுக்கிச் செதுக்கி ஒரு ராணியை உண்டாக்கியிருந்தான். ஒரு கேடுகெட்ட எண் விழுந்து அவள் காய்ச்சலில் போனாள். முகத்தைத் திருப்பிக்கொண்டு மூக்கைச் சிந்தினானே தவிர, எண்ணை மாற்றவில்லை. ஐவரின் முதல் வீரன் பாறையிலிருந்து விழுந்து செத்தபோது ஐவர் மெர்வினைக் கொலைகாரன் என்றே கூப்பிட்டான்.

“ஒரே ஒரு தடவை நான் ஏமாத்தினேன்னு வை,” என்றான் மெர்வின், “அப்புறம் அது நாடு இல்லடா. வெறும் காகிதம். உங்களுக்கு மட்டுமில்ல, எனக்கும்தான்.”

அதனால்தான் அவர்கள் அதை நம்பினார்கள்.

பிறகு வேலைநிறுத்தம் வந்தது. சுரங்கங்களை மூடப் போகிறார்கள் என்று எண்பத்து நான்கு மார்ச்சில் வெளியே வந்தவர்கள், கோடை போய், இலை உதிர்ந்து, பனி விழுந்தும் உள்ளே போகவில்லை. தொழிலாளர் மன்றத்துக் கூடத்தில் பெண்கள் கூடி எல்லோருக்கும் சமைத்தார்கள். கரியின் மேலேயே உட்கார்ந்திருந்த ஊரில் அடுப்புக்குக் கரி இல்லை. சுரங்கக் கழிவு மேட்டில் பிள்ளைகளோடு போய்க் கைவிரல் வெடிக்கக் கிளறிக் கரித்துண்டு பொறுக்கினார்கள். ஞாயிறு மதியம் மட்டும் நால்வரும் கோட்டைக் கழற்றாமல் உட்கார்ந்து, பால் இல்லாத தேநீர் குடித்துக்கொண்டு, வெரினில் பொரித்த மீனும் சூடான ரொட்டியும் சாப்பிட்டார்கள். அந்தக் குளிர்காலத்தில் ஓர்டன் யாரிடமும் ஓடக்கூலி வாங்கவில்லை.

ஜனவரியில் குவிலிமின் மகள் ஆங்காரட்டுக்கு நெஞ்சில் சளி கட்டியது. வீட்டுச் சுவரில் ஈரம் வழிந்தது. கட்டில் சட்டத்தை உடைத்து எரித்தார்கள். ஒரு திங்கட்கிழமை காலை, வேலைக்குத் திரும்புகிறவர்களைச் சுரங்கத்துக்கு ஏற்றிப்போக, ஜன்னலுக்கெல்லாம் கம்பிவலை அடித்த பேருந்து ஒன்று ஊருக்குள் வந்தது. அதில் குவிலிம் ஏறினான். அவன் ஒருவன்தான்.

செவ்வாய்க்கிழமை விடிந்தபோது அவன் வீட்டுச் சுவரில் ஆள் உயரத்துக்கு எழுதியிருந்தார்கள்: கருங்காலி. புதன்கிழமையிலிருந்து அவனோடு யாரும் பேசவில்லை. திட்டுவதுகூட நின்றுபோயிற்று. கடைக்காரர் சாமானை மேஜையில் வைத்துவிட்டு வேறு பக்கம் பார்த்தார். அவன் அம்மா அதே தெருவில் இருந்தாள். அவளும் திரையை இழுத்து மூடிக்கொண்டாள்.

சனிக்கிழமை தேவாலயத்துக்குப் பின்னால் உள்ள சந்தில் மெர்வினுக்காகக் காத்து நின்றான் குவிலிம். இரண்டடி தள்ளியே நின்றான், தொற்றுநோய்க்காரனைப் போல.

“தெருவுல நீ எங்கூடப் பேச வேண்டாம்,” என்றான். “பேசுன்னு கேக்கவும் மாட்டேன். நான் பண்ணது தப்புன்னு உனக்குத் தோணினா தோணட்டும். ஆனா ஞாயித்துக்கிழமை நான் வரலாமா?”

மெர்வின் சந்தின் இரண்டு முனையையும் பார்த்தான்.

“ஐவர் இருப்பான்டா.”

“அவன் எங்கூடப் பேச வேண்டாம். ஓர்டன்கூடப் பேசட்டும். அது போதும் மெர்வ். நாலு நாளா என் பேரை யாரும் சொல்லல. எம் பொண்டாட்டி மட்டும்தான். அவளும் சொல்லிட்டு அழுறா.” அவன் மூச்சு புகைபோல வந்தது. “அந்தத் துறையில என்னைத் தெரிஞ்ச ஆளுங்க இருக்காங்க. சிரிக்காதே.”

மெர்வின் சிரிக்கவில்லை.  “வா,” என்றான். “வெரின்ல ஸ்ட்ரைக் கிடையாது. பின்வாசல் வழியா வா.”

சொன்ன வாய் ஈரம் காய்வதற்குள் மெர்வின் வீட்டுக்கு ஐவர் வந்துவிட்டான். சந்தில் யார் யாரோடு நின்றார்கள் என்பது அந்த ஊரில் எவ்வளவு நேரம் ரகசியமாக இருக்கும்?

“அந்த நாயை உம் மேஜையில உக்கார வெச்சேன்னா, உன் சுவத்துலயும் எழுதுவாங்க. நான் தடுக்க மாட்டேன். நானே பிரஷ்ஷைப் பிடிச்சாலும் பிடிப்பேன்.”

“அவன் ஓர்டனா வர்றான் ஐவர். குவிலிமா வரல.”

“அப்ப ஓர்டனை முடிச்சுவிடு.” ஐவர் குரல் தணிந்தது. “அவன் மூஞ்சிக்கு நேரா கதவைச் சாத்த உனக்குத் தைரியம் இல்லல்ல? சரி. நதி கொண்டு போயிடுச்சுன்னு முடி. ஆளு இல்லேன்னா நாற்காலி எதுக்கு?”

மெர்வின் கோழை, அதை மூடி மறைப்பதில் பயனில்லை. ஊரே தன்னைப் பார்த்தும் பாராமல் கடந்துபோவதை அவன் அன்று இரவு முழுக்க நினைத்துப் பார்த்தான். ஆனால் கோழைத்தனத்தைவிட மோசமானது ஒன்று அவனிடம் இருந்தது: படைத்தவனின் கர்வம். நண்பனின் முகத்தைப் பார்த்து ‘வராதே’ என்று சொல்வது அசிங்கம், கதைக்குள் நல்லவிதமாக ஒரு சாவு கொடுப்பது கௌரவம் என்று அவனுக்குத் தோன்றியது. ஓர்டன் வெள்ளத்தில் மற்றவர்களைக் காப்பாற்றிவிட்டுப் போவான். வெரின் முழுக்க அழும். வரிகளைக்கூட யோசித்துவிட்டான், அழகான வரிகள். தங்களால் ஆகாததையெல்லாம் வெரினிடம் விட்டுவிடுவது அவர்களுக்கெல்லாம் எவ்வளவு பழக்கமாகிவிட்டது என்றால், ஒரு மனிதனுக்கு முதுகு காட்டுவதையும் அந்த நாட்டிடமே ஒப்படைத்துவிட்டான்.

ஞாயிறு மதியம் குவிலிம் பின்வாசல் வழியாக வந்தான். கையில் ஒரு தகர டப்பா. அவன் மனைவி டெலித் சுட்டுக் கொடுத்த உலர்திராட்சை கேக். மேஜையில் வைத்தான். யார் கையும் அதன் பக்கம் போகவில்லை. அந்த வெண்ணெய் எந்தக் கூலியில் வாங்கியது என்று எல்லோருக்கும் தெரியும். மெர்வினின் முன்னால், தேவாலயத்தில் பாடுகிற பாமாலைப் புத்தகம் ஒன்று விரித்து நிமிர்த்தி வைத்திருந்தது. அத்தனை வருஷத்தில் முதல் தடவை. குவிலிம் அதைப் பார்த்தான். தன் நாற்காலியில் உட்கார்ந்தான்.

மெர்வின் ஆரம்பித்தான். மேற்கு மலையில் மூன்று நாளாக மழை. படை தோற்றுத் திரும்புகிறது. காயம்பட்டவர்கள் ஓடத்துறைக்கு வந்து நிற்கிறார்கள்.

 முதலில் ஹவெல்தான், மேஜையைப் பார்த்தபடியே, தன் வைத்தியனின் வாயால் சொன்னான்:

“ஓர்டன் அண்ணே. நல்லா இருக்கீங்களா? எங்களை அக்கரை சேர்த்துவிடணும்.”

குவிலிம் அவன் பக்கம் திரும்பினான். “ஏறுங்க,” என்றான். “எல்லாரும் ஏறுங்க. முதல்ல சூடா கொஞ்சம் கஞ்சி குடிங்க. உங்க முகமெல்லாம் என்னய்யா இப்படி வாடிக் கிடக்கு?”

அப்புறம் ஒரு அரைமணி நேரம் எப்படிப் போயிற்று என்றே தெரியவில்லை. ஐவரின் படைத்தலைவனும் கடைசியில் பேசித்தான் ஆக வேண்டியிருந்தது. ஓடக்காரனைக் கேட்காமல் யாரும் நதியைக் கடக்க முடியாது. “கயிறு தாங்குமா?” என்றான் முகத்தை உர்ரென்று வைத்துக்கொண்டு. “நான் கட்டின கயிறு, தலைவரே,” என்றான் குவிலிம். அவன் முகத்தில் மறுபடியும் களை வந்திருந்தது. கோட்டைக் கழற்றி நாற்காலியில் போட்டிருந்தான்.  அவனைப் பார்த்து, நிறுத்திவிடலாம் என்று நினைத்தான் மெர்வின். ஐவர் தொண்டையைச் செருமினான்.

“வெள்ளம் வருது,” என்றான் மெர்வின். “பெருவெள்ளம். மரத்தைப் பெயர்த்துக்கிட்டு வருது. ஓடம் நடு நதியில. உருட்டு.”

குவிலிம் பகடையை மேஜை நடுவில் உருட்டினான். பதினாறு. ஹவெல் தன்னை மறந்து மேஜையைத் தட்டினான். நதிக்கு அதைவிடப் பெரிய எண் விழுந்தால்தான் ஓடத்தை வெள்ளம் அடித்துக்கொண்டு போகும்.

மெர்வின் நதிக்காக உருட்டினான், புத்தகத்துக்குப் பின்னால். பகடை அட்டையில் இடித்து நின்றது. பார்த்தான்.

“பதினெட்டு,” என்றான்.

 குவிலிம் மெர்வினைப் பார்க்கவில்லை, புத்தகத்தைப் பார்த்தான். ஒரு சாண் தூரம்தான். கையை நீட்டினால் போதும். அவன் கை மேஜைமேல் கொஞ்சம் நகர்ந்துகூட வந்தது. பிறகு நின்றது.

“ஓடத்துல இருந்தவங்க?” என்று கேட்டான்.

“பிழைச்சாங்க. ஓர்டன் கயிறை அறுத்து அவங்களைக் கரைக்குத் தள்ளிட்டு, வெள்ளத்தோட போயிட்டான்...” யோசித்து வைத்திருந்த அழகான வரிகளெல்லாம் வாயில் மண்ணாகக் கரைந்தன.

“சரி,” என்றான் குவிலிம். “விழுந்தது விழுந்ததுதான்.” எழுந்து கோட்டை மாட்டினான். கேக் டப்பாவை எடுத்துக்கொள்ளவில்லை. பின்வாசல் கதவைச் சத்தம் வராமல் மூடினான்.

வியாழக்கிழமை அவன் பேருந்துக்குப் போகவில்லை. தோட்டத்துக் கொட்டகையில் அவன் உடலை முதலில் பார்த்தது டெலித்.

அடக்கத்துக்கு டெலித்தும் அவள் தங்கையும் போதகரும் போனார்கள். ஊர் வரவில்லை. தூரத்தில் மதிலோரம் தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றுவிட்டு மெர்வின் வீட்டுக்குத் திரும்பிவிட்டான்.

மறுநாள் டெலித் அவன் வீட்டு முன்வாசலுக்கு வந்தாள். பட்டப்பகல்.

“டப்பாவை வாங்கிட்டுப் போக வந்தேன்.”

அவன் கொண்டுவந்து கொடுத்தான். கேக் அப்படியே இருந்தது. அவள் நகரவில்லை.

“அன்னிக்கு வந்து எல்லாத்தையும் சொன்னான். ஹவெல் பேசினதை ரெண்டு தடவை சொன்னான். புத்தகத்துக்குப் பின்னால உருட்டினியாமே?”

மெர்வின் கதவுப் பிடியைப் பற்றிக்கொண்டான்.

“‘எடுத்துப் பாக்கறதுதானே, நீ என்ன மண்ணா’ன்னு கத்தினேன். ‘பாத்தா அவங்களுக்கு அந்த நாடு இல்லாமப் போயிடும் டெலித், இந்தக் குளிருல அவங்களுக்கு வேற என்ன இருக்கு’ன்னான்.” அவள் கண்ணில் நீர் இல்லை. “நான் பாக்கறேன். என்ன விழுந்துச்சு?”

“டெலித்...”

“நம்பரைச் சொல்லு.”

“மூணு.”

“மூணுன்னா?”

 அவள் விடுவதாக இல்லை. அவனே சொல்லும்வரை நின்றாள்.

“அவன் கரை சேந்திருப்பான்,” என்றான் மெர்வின்.

அவள் தலையை ஆட்டிவிட்டு, டப்பாவை மார்போடு அணைத்துக்கொண்டு படியிறங்கினாள். இறங்கிய பிறகு திரும்பி ஏதோ கேட்க வாயெடுத்தாள். எதிர்வீட்டு ஜன்னலில் திரை அசைந்தது. மெர்வின் சட்டென்று உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டான்.