வெளிக்கு இழை உண்டா?

என் வீட்டுக்காரரோட கொள்கை இதுதான்: நாம நடமாடுற இந்த வெளி வழவழன்னு இல்லையாம், நெய்த துணி மாதிரியாம். ரொம்பக் கிட்டப் போனா இழை தெரியுமாம். நேரமும் அப்படித்தானாம், விட்டு விட்டுத்தான் நகருமாம். அந்த இடைவெளியிலதான் இன்னைக்குப் பாத்திரம் கழுவுற முறை தன்னோடதுன்னு அவருக்கு மறந்துபோகும்போல.

அவர் கணக்குப் போடுறவர், நான் அளக்கிறவ. வெளியில இழை இருந்தா, அதுல ஓடுற லேசர் ஒளி தடுக்கித் தடுக்கி லேசா நடுங்கணும். அந்த நடுக்கத்தைத் தேடுற கருவி என் பொறுப்பு. நடுக்கம் இல்லைன்னா, மனுஷன் தலைமுடி கொட்டக் கொட்ட வளர்த்த கொள்கை அன்னைக்கே காலி.

எங்க ஆய்வுக்கூடத்துல ஒரு வழக்கம். ஆசைப்பட்ட பதிலை நாங்களே இழுத்துக்கிட்டு வந்துடக் கூடாதுன்னு, கம்ப்யூட்டர் முடிவோட ஒரு ரகசிய எண்ணைக் கலந்து வச்சிரும். எல்லார் முன்னாடியும் அதை நீக்குற வரைக்கும் எனக்கும் ஒண்ணும் தெரியாது. சொன்னா இவர் நம்பணுமே!

அந்த எண்ணை நீக்குற நாள் காலையில, என் உடுப்பைத் தேய்ச்ச கையோட அவர் சட்டையையும் தேய்ச்சு வச்சேன். மனுஷன் முகம் செத்துப்போச்சு.

"உனக்குத் தெரிஞ்சுபோச்சா?"

"என்னது?"

"நீ என் சட்டையைத் தேய்ச்சதா சரித்திரமே இல்லையே. பரிதாபப்படுறே."

"அட கடவுளே! இஸ்திரிப் பெட்டி சூடா இருந்துச்சுங்க, அவ்வளவுதான்."

நம்பாம, கசங்கின வேற சட்டையை மாட்டிக்கிட்டு வந்தார். எனக்குப் பத்திக்கிட்டு வந்துச்சு.

கூட்டத்துல பொத்தானை அழுத்தினேன். திரையில கோடு நேரா கிடந்துச்சு. நடுக்கம் துளிகூட இல்லை.

"கருவியில ஏதாவது கோளாறா இருக்குமோ?"ன்னு துறைத்தலைவர் இழுத்தார். என் வீட்டுக்காரர் அதைப் பிடிச்சுக்கட்டும்னு நானே வேண்டிக்கிட்டேன். என் கருவி போனாப் போகுது.

இவர் எழுந்தார். "கருவியில ஒண்ணும் இல்லைங்க. இவங்க அளந்தா தப்பாது. என் கொள்கைதான் தப்பு."

வீட்டுல ஒருநாளும் என்னை 'இவங்க'ன்னு சொன்னதில்லை. எனக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்தே வந்துச்சு.

மறுநாள் காலையில அந்தக் கசங்கின சட்டையைத் தேய்ச்சு நாற்காலியில போட்டேன். பார்த்துட்டுப் புருவத்தைத் தூக்கினார்.

"இப்ப என்ன கெட்ட சேதி?"

"சேதி ஒண்ணும் இல்லை. இன்னைக்கு நிஜமாவே பரிதாபம்தான்."

சட்டையை மாட்டிக்கிட்டார். கையை மடிச்சு விட்டுக்கிட்டு, பாத்திரம் கழுவப் போனார்.