சத்தம் தாண்டாத தெரு

ஒன்றியம் கலைக்கப்பட்ட திங்கட்கிழமை காலையிலிருந்து, பெரிய தெருவின் வடபக்கத்தில் எழும் சத்தம் தென்பக்கத்துக்குக் கேட்கவில்லை. தென்பக்கத்துச் சத்தமும் வடக்கே போகவில்லை. கீரைக்காரி தெருவின் நடுவில் நின்று இரண்டு பக்கமும் திரும்பி இரண்டு முறை கூவ வேண்டியதாயிற்று. கீரை விலையை அவள் ஏற்றியதற்கு அதுவும் ஒரு காரணம்.

அந்த ஒன்றியம் ஒரு காலத்தில் சிதறிக்கிடந்த சில குடியிருப்புகளும் நிறைய சோளக்காடும் மட்டும்தான். ஓட்டுக் கட்டடம் ஒன்றில் அலுவலகம் வைத்து, மண்பாதைக்குச் சரளை போட்டு, தெருவிளக்கு நட்டு, கடைசியில் ஒரு தண்ணீர்த் தொட்டியும் கட்டினார்கள். அதற்குள் வடக்கிலும் தெற்கிலும் இருந்த இரண்டு நகரங்கள் வளர்ந்து வந்து அதன் வேலியைத் தொட்டுவிட்டன. இரண்டுமே கேட்டதால், பெரிய தெருவை எல்லையாக வைத்து ஆளுக்குப் பாதியாகப் பிரித்துக்கொடுப்பதென்று முடிவாயிற்று. ஒன்றிய உறுப்பினர்கள் கை தூக்கினால் போதும்.

கை தூக்கியவர்களில் தென்பக்கத்துத் தையல்காரியும் ஒருத்தி. அவள் கணவன் நெஞ்சுவலி வந்து, ஆஸ்பத்திரிக்குப் போகிற வழியில், மாட்டுவண்டியிலேயே இறந்துபோனவன். நகரத்தோடு சேர்ந்தால் ஆம்புலன்ஸ் வரும் என்றார்கள். அவளுக்கு அது போதுமானதாக இருந்தது. ஆனால் தெருவுக்கு எதிரே, தொட்டியில் தண்ணீர் திறந்துவிடுகிற வேலை பார்த்தவன் அவளுடைய சொந்தத் தம்பி. ஒன்றியம் போனால் அவன் வேலையும் போகும். ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் அவன் தையல்கடை வாசலில் வந்து நின்றான்.

"உன் கையாலயே என் சோத்துல மண்ணைப் போட்டுட்டியேக்கா" என்றான்.

அவள் துணியிலிருந்து தலை நிமிரவில்லை. மறுநாள் தெரு ஊமையாகிவிட்டது.

ஒரு பொறியாளர் வந்து கருவியை வைத்துப் பார்த்துவிட்டு, காற்றின் கோளாறு என்று சொல்லிப் போனார். ஜனங்கள் பழகிக்கொண்டார்கள். தென்பக்கத்துப் பிள்ளைகள் பள்ளி மணி கேட்காமல் தாமதமாகப் போய் அடி வாங்கின. மாமியாரை வடக்கேயும் மருமகளைத் தெற்கேயும் குடிவைத்த ஒருவர் வருஷக்கணக்கில் நிம்மதியாக இருந்தார். பேச வேண்டியவர்கள் தெருவைத் தாண்டிப்போய்ப் பேசினார்கள். பத்தடி தூரம்தான்.

அக்காவும் தம்பியும் அந்தப் பத்தடியைத் தாண்டவில்லை. அந்தக் குடும்பத்தில் யாரும் முதலில் இறங்கி வந்ததாகச் சரித்திரம் இல்லை. வடக்கு நகரம் தொட்டியை மூடியது. அவன் ஒரு லாட்ஜில் காவலாளியாகச் சேர்ந்தான். ஆனாலும் சாயங்காலமானால் பழைய மோட்டார் அறை வாசலில் வந்து உட்கார்ந்து, தையல்கடையைப் பார்த்து ஏதோ பேசுவான். தொட்டியைச் சுற்றி வேறு வீடு வாசல் கிடையாது என்பதால் அவன் பேச்சைக் கேட்க யாருமில்லை. அக்காவுக்கு அசைகிற வாய் மட்டும் தெரிந்தது.

"பாரு, இன்னைக்கும் திட்டுறான்" என்பாள், துணி தைக்க வந்தவர்களிடம்.

"ஒரு எட்டு போய் என்னன்னுதான் கேட்டுட்டு வாங்களேன்."

"திட்டு வாங்குறதுக்கு ரோட்டைத் தாண்டிப் போகணுமா?"

இப்படியே பல மழைக்காலம் போயிற்று. ஒருநாள் மதியம் தொட்டியடியில் ஆம்புலன்ஸ் வந்து நின்றதை அவள் பார்த்தாள். சிவப்பு விளக்கு சுற்றியது, சைரன் கேட்கவில்லை. ஆளைத் தூக்கிப்போட்டுக்கொண்டு அது சத்தமில்லாமல் போயிற்று. மறுநாள் உடலைக் கொண்டுவந்தபோதுதான் அவள் தெருவைத் தாண்டினாள். அத்தனை வருஷத்தில் அவன் வாய் மூடியிருந்து அன்றுதான் பார்த்தாள். வடபக்கத்தில் அவள் கதறி அழுததைத் தென்பக்கத்தில் யாரும் கேட்கவில்லை.

தம்பி இறந்த மறு வருஷம் தென்பக்கத்தில் ஒரு சுத்தியல் சத்தம் கேட்டது. வடக்கே அன்றைக்கு யாரும் எதையும் அடிக்கவில்லை. பிறகு, எப்போதோ நிறுத்திவிட்ட பேருந்தின் ஹாரன் கேட்டது. செத்துப்போன நாய் குரைத்தது. சத்தம் தெருவைத் தாண்டாமல் இல்லை, தாண்டுவதற்கு வருஷங்கள் எடுத்துக்கொள்கிறது என்று ஜனங்களுக்குப் புரிந்தது. ஒன்றியம் இருந்த காலத்தில் மனு கொடுத்துப் பழகியவர்களுக்கு அதில் பெரிய ஆச்சரியம் ஏற்படவில்லை.

ஒரு சாயங்காலம் அவள் பொத்தான் தைத்துக்கொண்டிருந்தபோது, எதிர்ப்பக்கத்திலிருந்து குரல் வந்தது.

"அக்கா, சாப்ட்டியா?"

ரவிக்கை வாங்க வந்திருந்த பெண் திரும்பிப் பார்த்தாள். அங்கே யாருமில்லை.

"என் தம்பிதான்" என்றாள் தையல்காரி.

அதன்பிறகு தினமும் வந்தது. இந்த வெளிச்சத்துல தைக்காதே, கண்ணு போயிடும் என்றது. லாட்ஜுல கொசுக்கடி என்றது. ஒருநாள், "அன்னைக்கு நான் அப்படிச் சொல்லியிருக்கக் கூடாதுக்கா. மாமாவை வண்டியில ஏத்தினது நான்தானே. என் மடியிலதானே உசுரு போச்சு. எனக்குத் தெரியாதா நீ ஏன் கை தூக்கினேன்னு" என்றது. அவள் ஊசியைத் துணியிலேயே குத்திவைத்துவிட்டு, முகத்தை அந்தத் துணியில் புதைத்துக்கொண்டாள். அது வேறொருவர் வீட்டுச் சட்டை.

அன்றிலிருந்து அவளும் பதில் சொல்லத் தொடங்கினாள். போய்ச்சேர வருஷமாகும், சேருமிடத்தில் ஆள் இல்லை என்பதெல்லாம் அவளுக்குத் தெரியும். சில வருஷம் அப்படிப் பேசிக்கொண்டிருந்துவிட்டு அவளும் போய்ச்சேர்ந்தாள்.

தொட்டியை இடித்துவிட்டு அங்கே வீடு கட்டி வாடகைக்கு விட்டார்கள். குடிவருகிறவர்களிடம் வீட்டுக்காரர், மாடிக்கதவு சரியாகச் சாத்தாது, சாயங்காலத்தில் ஒரு அம்மா குரல் வரும், பயப்பட வேண்டாம் என்று ஒரே மூச்சில் சொல்லிவிடுவார். பெரும்பாலும் அவர்கள் தண்ணீர் தினமும் வருமா என்றுதான் கேட்பார்கள். "சாப்ட்டேன்டா. நீ சாப்ட்டியா?" என்று குரல் கேட்கும். பதில் வரட்டும் என்பதுபோல் சற்று நேரம் ஒன்றும் இருக்காது. பிறகு தையல் மிஷின் ஓடத் தொடங்கும். அதுவரை அந்த வீட்டில் டிவி சத்தத்தைக் குறைத்து வைத்திருப்பார்கள்.