கதவுக்கு இந்தப் பக்கம்

ரோடியானை விண்வெளிக்கு அனுப்பி அங்கேயே சாக விட்டுவிட்டார்கள் என்று யாராவது சொன்னால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். அவனை யாரும் எங்கேயும் அனுப்பவில்லை. மாஸ்கோவில், டிராம் ஓடும் தெருவிலிருந்து இருநூறு அடி தள்ளி, ஓர் இரும்பு அறைக்குள் அவன் எரிந்தான். கதவுக்கு வெளியே நான் நின்றுகொண்டிருந்தேன். இதை இரண்டரை வருடம் யாரிடமும் சொல்லவில்லை. சொல்ல மாட்டேன் என்று கையெழுத்துப் போட்டிருந்தேன்.

அறுபத்துமூன்று அக்டோபரில் ஒரு புதன்கிழமை, விண்வெளி மருத்துவ நிலையத்தில் வேலை முடிந்து வெளியே வந்தேன். கேட்டுக்கு எதிரே வலைப்பையில் நாலு ஆப்பிளோடு ஒரு பெண் நின்றாள்.

"நீங்க ரிம்மா செர்கேயெவ்னாதானே? நான் க்ளாவா. ரோடியானோட பொண்டாட்டி."

"எனக்கு அப்படி யாரையும் தெரியாதும்மா" என்றேன். பழகிய வாய், தானாகவே சொல்லிவிட்டது.

"தெரியாதா? கடைசி வரைக்கும் பக்கத்துல இருந்தது நீங்கதான்னு ஆஸ்பத்திரியில தரை துடைக்கறவ சொன்னாளே. அவகிட்ட யாரும் கையெழுத்து வாங்கல போல."

வேகமாக நடந்தேன். கூடவே வந்தாள். டிராம் நிறுத்தம் வருவதற்குள் எல்லாவற்றையும் கொட்டிவிட்டாள்.

"சண்டை போட வரல. எங்க அத்தைக்காகத்தான் வந்தேன், ரோடியானோட அம்மா. யெலெத்ஸ்ல இருக்காங்க, ரயில்வேல தண்டவாளம் மாத்தி விடற வேலை. அங்க ஒரு இஞ்சின் டிரைவர், வெளிநாட்டு ரேடியோ கேக்கறவன், ஊதி விட்டுட்டான். விண்வெளிக்குப் போன முதல் ஆளுக்கு முன்னாடியே நாலு பேர அனுப்பினாங்களாம், எறக்கத் தெரியலயாம், இன்னும் மேலயே சுத்திக்கிட்டு இருக்காங்களாம். எங்களுக்கு வந்த பெட்டி சீல் வெச்சு வந்துது. தொறக்கக் கூடாதுன்னாங்க. எப்படிச் செத்தான்னு கேட்டா, கடமையிலன்னாங்க. அத்தை ரெண்டையும் சேத்து முடிச்சுப் போட்டுட்டாங்க. பெட்டிக்குள்ள மணல்தானாம், புள்ள மேல இருக்கானாம்."

"நீ எடுத்துச் சொல்ல வேண்டியதுதானே?"

"என்னத்தச் சொல்ல? எனக்கு என்ன தெரியும்? போன மாசம் மண்வெட்டியத் தூக்கிக்கிட்டு கல்லறைக்குப் போயிட்டாங்க. போலீஸ் பிடிச்சு, இன்னொரு தடவ தோண்டினா பைத்தியக்கார ஆஸ்பத்திரிதான்னு எழுதி வாங்கிக்கிச்சு. வர்ற சனிக்கிழம மறுபடி போறேன்னு நிக்கறாங்க. கூட்டிட்டுப் போனா அங்கிருந்து திரும்பி வர மாட்டாங்க. நீங்க வந்து ஒரு வார்த்த சொல்லுங்க. தரையிலதான் செத்தான்னு. நான் கண்ணால பாத்தேன்னு."

ஆப்பிளை என் கையில் திணித்துவிட்டு டிராம் ஏறிப் போனாள்.

மறுநாள் தலைமை மருத்துவரிடம் போனேன். அர்செனி பாவ்லொவிச். அவருக்கு மேசை எப்போதும் சுத்தமாக இருக்க வேண்டும், பென்சில்கள் ஒரே உயரத்தில் இருக்க வேண்டும். ரேடியோ கேட்டவன் கிளப்பிய வதந்தியையும், கிழவி தோண்டப் போவதையும், ஆஸ்பத்திரி விஷயத்தையும் சொன்னேன். குடும்பத்துக்கு மட்டும், வாய்மொழியாக, ஒரே ஒரு வரி சொல்ல அனுமதி கேட்டேன்.

"விண்வெளிக்குப் போனான்னு நெனச்சுக்கிட்டு இருக்காங்க. அதுல என்ன குறைச்சல்? கௌரவம்தானே" என்றார். "கால்ல சுத்தற துணியக் காயப்போட்டுச் செத்தான்னு சொன்னா சந்தோஷப்படுவாங்களா?"

"அந்தம்மாவைப் பிடிச்சு அடைச்சிடுவாங்க, அர்செனி பாவ்லொவிச்."

"ரேடியோக்காரன் பண்ணின வேலை அது. அவன்கிட்ட போய்க் கேளுங்க."

ஊர் வாயை மூட உலைமூடி கிடையாது என்பார்கள். எங்கள் ஆட்களுக்கு மூடியும் தேவைப்படவில்லை. முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்துவிட்டு, சோறு ஏன் புடைத்திருக்கிறது என்று ஊரார் ஆளுக்கொன்று பேசினால், அதுவும் நல்லதற்குத்தான் என்று உட்கார்ந்திருந்தார்கள். அன்று அந்தப் பென்சில்களை அள்ளி அவர் முகத்தில் எறியவேண்டும் போல இருந்தது. எறியவில்லை. "சரி" என்று சொல்லிவிட்டு வந்தேன். அந்த "சரி"க்காக இன்றைக்கும் என்னை நானே திட்டிக்கொள்கிறேன்.

வெள்ளிக்கிழமை உடம்பு சரியில்லை என்று விடுப்பு எழுதிக் கொடுத்துவிட்டு ரயில் ஏறினேன்.

யெலெத்ஸில் தண்டவாளத்தை ஒட்டி ஒரு மரவீடு. க்ளாவா கதவைத் திறந்தாள். ரோடியானின் அம்மா உஸ்தீன்யா ஃபொமினிச்னா அடுப்புப் பக்கம் உட்கார்ந்து உருளைக்கிழங்கு உரித்துக்கொண்டிருந்தாள். பைத்தியத்தின் அடையாளம் எதுவும் இல்லை. ஆண்பிள்ளைக் கைகள், தெளிவான கண்கள். வாசலில் மண்வெட்டி கழுவித் துடைத்துச் சாய்த்து வைத்திருந்தது.

"மாஸ்கோவுலேருந்து வந்தியா மகளே? மொதல்ல சூப்பு குடி. வெறும் வயித்துல பொய் சொல்றது கஷ்டம்."

"பொய் சொல்ல வரலம்மா."

"எல்லாரும் அப்படித்தான் ஆரம்பிக்கறாங்க."

குடித்தேன். பிறகு சொன்னேன். முதலில் க்ளாவா கேட்ட ஒரு வரி மட்டும்: பெட்டிக்குள் இருப்பது அவன்தான், தரையில்தான் இறந்தான், ஆஸ்பத்திரியில், நான் பக்கத்தில் இருந்தேன். அதோடு எழுந்து ரயிலைப் பிடித்துவிடலாம் என்று நினைத்திருந்தேன்.

"எப்படிச் செத்தான்?"

"தீ, அம்மா."

"தீ எப்படிப் பிடிச்சுது? ஒண்ணு விடாம சொல்லு. நான் தண்டவாளம் மாத்தறவ. எந்தக் கம்பி எங்க நகந்துதுன்னு தெரியாம விடமாட்டேன்."

சொன்னேன். பேச்சற்ற அறை என்று ஒன்று உண்டு. விண்வெளித் தனிமைக்குப் பழக்குவதற்காக ஓர் ஆளைப் பன்னிரண்டு நாள் உள்ளே வைத்துப் பூட்டுவார்கள். வெளியிலிருந்து சிறு கண்ணாடி வழியாகப் பார்க்கலாம், குறிப்பேட்டில் எழுதலாம். பேசக் கூடாது. ஒரே ஒரு வார்த்தை காதில் விழுந்தாலும் சோதனை செல்லாது, மறுபடி முதல் நாளிலிருந்து. உள்ளே காற்றழுத்தம் குறைவு, அதை ஈடுகட்ட ஆக்சிஜன் அதிகம். அந்தக் காற்றில் ஒரு பொறி போதும். இது அவனுக்குத் தெரியாது. சொன்னால் அவன் இயல்பாக நடந்துகொள்ள மாட்டான் என்று சொல்லாமல் விட்டிருந்தார்கள்.

"அவன் காலுறை போடமாட்டான்" என்றேன்.

"பட்டாளத்துலேருந்து கால்ல துணிதான் சுத்துவான். எனக்குத் தெரியாதா?"

"அதைத் துவைச்சு, சமைக்கறதுக்கு வெச்சிருந்த மின்னடுப்புக்கு மேல, ஒரு கம்பியில காயப் போடுவான்."

"பட்டாளத்துல எல்லாரும் அப்படித்தான் காயப் போடுவாங்க. அடுப்புக்கு மேலதான்." கிழவி உரிப்பதை நிறுத்தியிருந்தாள். "அப்புறம்?"

ஒன்பதாம் நாளே அதைப் பார்த்தேன். குறிப்பேட்டில் எழுதினேன். பதினோராம் நாள் காலை கம்பி தொய்ந்திருந்தது, துணி அடுப்பிலிருந்து ஒரு சாண் உயரத்தில் தொங்கியது. தலைமை மருத்துவருக்கு ஃபோன் செய்து, ஒரு வார்த்தை பேசவா என்று கேட்டேன். "ஒரு நாள்தான் பாக்கி. அவனே உங்களை மன்னிக்கமாட்டான். எழுதி வையுங்கள்" என்றார். எழுதி வைத்தேன். நான் முற்றுப்புள்ளி வைக்கும்போது உள்ளே வெளிச்சம் வந்தது.

வெளிக்காற்றை உள்ளே விட்டு இரண்டு அழுத்தமும் சமமாகும்வரை அந்தக் கதவு நகராது. ஒன்பது நிமிடம் ஆனது. அன்று மாலையே குறிப்பேட்டில் என் இரண்டு பக்கங்களையும் கிழித்துவிட்டார்கள். விசாரணை அறிக்கையில், இறந்தவரின் சொந்தக் கவனக்குறைவு என்று எழுதினார்கள். அதன் கீழே நானும் கையெழுத்துப் போட்டேன்.

க்ளாவா வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். கிழவி அழவில்லை.

"ஆஸ்பத்திரியில எதாவது பேசினானா?"

"பதினோரு நாள் கணக்குல சேருமான்னு கேட்டான். சேரும்னு சொன்னேன்."

"அதாவது சொன்னியே." கத்தியைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டாள்: "பேசணும்னா எப்படிப் பேசுவீங்க உள்ள?"

"ஒரு பொத்தான் உண்டு."

"உனக்கு எட்டுற தூரத்துலயா?"

என் வலக்கை மேசைமேல், சூப்புக் கிண்ணத்தின் பக்கத்தில் இருந்தது. அவ்வளவு தூரம்தான் என்று காட்டினேன்.

கிழவி எழுந்து நின்றாள். அறைவாள் என்று நினைத்தேன். அறைந்திருக்கலாம்.

"ரெண்டரை வருஷம். மேல இருக்கான், யாராலயும் போக முடியாது, யார் கையும் எட்டாதுன்னு இருந்தேன். எட்டாத எடத்துல யாரைத் திட்டுவேன்? ரேடியோக்காரன் சொன்னதுல என் புள்ளையக் காப்பாத்த ஆளே இல்ல. நீ சொல்றதுல வாசல்லயே ஆள் இருந்திருக்கு. எத்தன பேர்?"

"நானும், கூட டியூட்டியில இருந்த ரெண்டு பேரும். ஃபோன்ல அவர்."

"மன்னிப்புக் கேக்க வந்தியா, உண்மையச் சொல்ல வந்தியா?"

"தெரியலம்மா." அதுதான் உண்மை.

"மன்னிப்பு இங்க இல்ல."

க்ளாவாவிடம் திரும்பினாள். "மண்வெட்டிய உள்ள எடுத்து வை. நாளைக்குத் தோண்ட வேண்டாம். கோயிலுக்குப் போகணும்." அலமாரியிலிருந்து ஒரு பழைய பள்ளி நோட்டை எடுத்து ஒரு தாளைக் கிழித்தாள். ஆராதனைக்குப் பெயர் எழுதிக் கொடுக்கும் தாள். உயிரோடு இருப்பவர்களுக்கு ஒன்று, இறந்தவர்களுக்கு ஒன்று. பாதிரியார் வரிசையாக வாசிப்பார். இரண்டரை வருடமாக மகன் பெயரை உயிரோடு இருப்பவர்கள் தாளில் எழுதிக் கொடுத்து, பாதிரியாரிடம் வசவு வாங்கி வந்திருக்கிறாள்.

"எழுதறது உன் வேலைதானே. நீ எழுது. மேல, இறந்தவர்கள்னு போடு."

போட்டேன்.

"ரோடியான்."

எழுதினேன்.

"அதுக்குக் கீழ, அந்த ஃபோன்ல பேசினவன்."

நிமிர்ந்து பார்த்தேன். உயிரோடு இருப்பவரை இறந்தவர் தாளில் எழுதிக் கொடுத்தால் அது சாவை வேண்டும் சாபம் என்று எங்கள் பக்கத்தில் சின்னக் குழந்தைக்கும் தெரியும். பகையாளிக்குக்கூட யோசித்துத்தான் செய்வார்கள்.

"அத்தை, பாவம் வேண்டாம்" என்றாள் க்ளாவா.

"நீ சும்மா இரு. எழுதி வையுங்கன்னுதானே அவரு சொன்னாரு? எழுதட்டும்."

அர்செனி என்று எழுதினேன். மற்ற இருவர் பெயரையும் கேட்டாள். சொல்லிக்கொண்டே எழுதினேன். இரண்டரை வருடத்தில் முதல்தடவையாக, நடந்ததை யாரும் கிழிக்காத ஒரு தாளில் எழுதிக்கொண்டிருந்தேன். உள்ளே கோபம் கொதித்தது, அது எனக்கு இதமாகக்கூட இருந்தது.

"உனக்கு ஞானஸ்நானம் ஆயிருக்கா? ஆகாதவங்க பேரக் கோயில்ல வாசிக்க மாட்டாங்க."

"ஆயிருக்கு. அம்மா ரகசியமா கொண்டுபோய்ப் பண்ணினாங்க."

"அப்ப செல்லும்" என்று உஸ்தீன்யா ஃபொமினிச்னா என் எதிரே உட்கார்ந்து, மீதிக் கிழங்கை உரிக்க ஆரம்பித்தாள். "அவங்களுக்குக் கீழ உன் பேரையும் எழுது."

எழுதினேன்.