அண்ணியின் அலமாரிக் கோட்பாடு

என் அண்ணி ஞாபகத்தை ஆராய்கிறவர். மனித மனம் ஓர் அலமாரி, அதில் ஒருமுறை வைத்தது அப்படியே இருக்கும், சாவி கிடைக்காமல் போகலாமே தவிரப் பொருள் தொலையாது என்பது அவருடைய கோட்பாடு. கல்யாணமாகி வந்த நாளிலிருந்து இதையே சொல்லி எங்கள் உயிரை வாங்கியிருக்கிறார். அண்ணன் மூக்குக்கண்ணாடியைத் தேடினால்கூட, "அலமாரியில நல்லாத் தேடுங்க" என்று தன் நெற்றியைத் தட்டிக் காட்டுவார்.

அண்ணி வேலை பார்க்கும் கல்லூரியில் மேல் மாடியில் இருக்கும் பேராசிரியருக்கு இது ஆகாது. ஞாபகம் எடுத்து வைத்த பொருள் இல்லை, நினைக்கிற ஒவ்வொரு தடவையும் புதிதாகச் சமைப்பது, நடுவில் யாராவது உப்பை அள்ளிப் போட்டால் பழைய ருசி போனது போனதுதான் என்பது அவர் கட்சி. கூட்டங்களில் இருவரும் எலியும் பூனையும்தான்.

அப்படிப்பட்டவர்கள் சேர்ந்து உட்கார்ந்து ஒரே சோதனையைத் திட்டமிட்டார்கள். அதோடு விட்டார்களா? முடிவு எப்படி வந்தால் யார் தோற்றதாக அர்த்தம் என்பதையும் முன்கூட்டியே பேசி முடித்தார்கள். அண்ணியின் சோதனைக்கூடத்தில் கருவிகளைப் பார்த்துக்கொள்கிற எனக்கு இது புரியவே இல்லை. தனக்குத் தானே குழி தோண்டிக்கொள்ள இவ்வளவு படிக்க வேண்டுமா?

சோதனை எளிதுதான். வந்தவர்களுக்கு ஒரு சின்னப் படம் காட்டுவோம். ஒரு பெண் நாற்காலியில் நீலப் பையை வைத்துவிட்டுப் போகிறாள். பிறகு பாதிப் பேரிடம் மட்டும், "அந்தச் சிவப்புப் பை பெரிசா, சின்னதா?" என்று வேண்டுமென்றே தப்பாகக் கேட்போம். ஒரு வாரம் கழித்து அதே அறையில், அதே நாற்காலியைப் பார்த்தபடி, எல்லோரும் நிதானமாக யோசித்துப் பையின் நிறத்தைச் சொல்ல வேண்டும். இரு பாதியும் ஒரே அளவுக்குச் சரியாகச் சொன்னால் அண்ணிக்கு ஜெயம். தப்பாகக் கேட்கப்பட்டவர்கள் அப்போதும் தடுமாறினால் மாடிக்காரருக்கு.

முடிவு வந்த மதியம் திரையைப் பார்த்தேன். தப்பாகக் கேட்கப்பட்டவர்கள் பக்கம் சிவப்பு, சிவப்பு என்றே வரிசையாக வந்திருந்தது. அண்ணி பக்கத்தில் உட்கார்ந்திருந்தார்.

"அண்ணி, முதல் திங்கக்கிழமை ஏசி ஓடல. அன்னைக்கு வந்தவங்க வேர்த்து வழிஞ்சுக்கிட்டு உக்காந்திருந்தாங்க. அவங்கள விட்டுட்டுப் பாத்தா வித்தியாசம் ரொம்பக் குறைஞ்சிடும்" என்றேன்.

"அவங்க எல்லாரும் நீலம்னு சொல்லியிருந்தா, ஏசி உங்களுக்கு ஞாபகம் வந்திருக்குமா தம்பி?"

அண்ணி போய் முகம் கழுவிக்கொண்டு வந்தார். கண் இன்னும் கலங்கியிருந்தது. "அவர்கிட்ட நானே சொல்லணும், வாங்க" என்று மாடி ஏறினார்.

மாடிக்காரர் துள்ளிக் குதிப்பார், அதையும் பார்த்துத் தொலைக்க வேண்டும் என்று பின்னாலேயே போனேன். அண்ணி சொல்லி முடித்ததும் அந்த மனிதர் எழுந்து நின்றார். "நான் தோத்திருந்தா இப்படி வந்திருப்பேனான்னு தெரியலம்மா" என்றார். முதல்முறையாக அந்த ஆளை எனக்குப் பிடித்தது.

அடுத்த வாரம் புது மாணவர்களுக்கு அண்ணியின் வகுப்பு. புரொஜெக்டரைச் சரிசெய்யப் போன நான் பின்வரிசையிலேயே உட்கார்ந்துவிட்டேன். மாடிக்காரரின் கோட்பாட்டை அவரேகூட அவ்வளவு அழகாகச் சொல்லியிருக்க மாட்டார். பழைய கோட்பாடு எந்த இடத்தில் இடறி விழுந்தது என்பதையும் அண்ணி ஒளிக்காமல் விளக்கினார். இந்த மனுஷி எங்கள் வீட்டில் வாழ வந்தவர் என்று எனக்குப் பெருமை தாங்கவில்லை.

முன்வரிசைப் பெண் ஒருத்தி கையைத் தூக்கினாள்.

"மேடம், அந்தத் தப்பான கோட்பாட்டைச் சொன்னது யாரு?"

"நான்தான்" என்றார் அண்ணி. "எழுதிக்கோங்க, பரீட்சையில கேப்பேன்."