ஒரு மூச்சுக் கொம்பு

அருங்காட்சியகத்தில் அவருக்குப் பெயர் பசைக்காரர். உடைந்த பானை, மூக்குப் போன சிலை, எது வந்தாலும் ஒட்டிச் சேர்த்து நிமிர்த்தி வைப்பது அவர் வேலை. கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்க்கிற வேலை. அப்படிப்பட்ட மனிதர் அங்கிருந்த புனிதப் பொருளையே சாப்பாட்டுப் பைக்குள் சுருட்டி வைத்து வீட்டுக்குக் கொண்டுவந்தார் என்றால் யார் நம்புவார்கள்? ஆனால் கொண்டுவந்தார். பெற்ற மகளை லாரிக்குப் பறிகொடுத்து ஆறு மாதமாக நடைப்பிணமாகத் திரிகிறவரிடம் போய் நியாயம் பேசுவீர்களா நீங்கள்?

அது சுட்ட மண்ணால் ஆன கொம்பு. எப்போதோ அழிந்துபோன ஓர் ஆற்றங்கரை மக்கள் அதைத் தெய்வமாக வைத்துக் கும்பிட்டிருக்கிறார்கள். கூடவே ஒரு கல் பலகையும் கிடைத்தது. அதில் ஒருவர் கொம்பு ஊதுகிறார். எதிரே இன்னொருவர் ஒரு பெண்ணின் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு நிற்கிறார். பிடித்திருப்பவரின் காதுகளில் மெழுகு அடைத்திருக்கிறது. கொம்புச் சத்தம் காதைப் பிளக்குமாக்கும், அதனால்தான் அடைத்திருக்கிறார்கள் என்று அருங்காட்சியகத்தில் எல்லோரும் கூடிப் பேசி முடிவு கட்டினார்கள். பசைக்காரரும் ஆமாம் போட்டார்.

ஒரு நாள், கொம்பின் உள்ளே இருந்த தூசியை எடுக்க வாயை வைத்து ஊதிவிட்டார். செய்யக் கூடாததுதான். தூசி ஊதுகிற ரப்பர் பந்து கிழிந்துபோயிருந்தது, என்ன செய்வார்? காலையில் கை தவறி உடைத்த கோப்பையை நினைத்தபடி ஊதினார். கோப்பை முழுசாக மேசைமேல் வந்து நின்றது! பதறிப்போய் எட்டிப் பிடித்தார். மூச்சு தீர்ந்தது. கோப்பை கையிலேயே இருந்தது. குப்பைத் தொட்டியில் போட்ட சில்லுகளைக் காணோம்.

காலையில் கோப்பையோடு சேர்ந்து உடைந்த தட்டும் முழுசாக மேசைக்கு வந்திருந்தது. அதை அவர் பிடிக்கவில்லை. அது மறைந்து, தொட்டியில் சில்லாகவே கிடந்தது. மூச்சு தீரும்போது கையில் பிடித்திருப்பது தங்கும், பிடிக்காதது போய்விடும். அவ்வளவுதான் கணக்கு. அவருக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. ஆனால் அந்த ஓர் ஊதலிலேயே கொம்பின் பழைய விரிசல் நீண்டுவிட்டது. இன்னும் ஒரு முறைதான் தாங்கும். இந்த விரிசலை ஒட்டினாலும் மூச்சுக்கு நிற்காது என்பது பசைக்காரருக்கா தெரியாது?

மறுநாள் காலை, வீட்டு முன்னறையில் மனைவியிடம் எல்லாவற்றையும் சொன்னார்.

"அன்னைக்கு நம்ம பொண்ணு வண்டிச் சாவிய எடுத்துக்கிட்டு கிளம்புற நேரத்த நெனச்சு நான் ஊதுறேன். விரிசல் விட்ட கொம்ப ரெண்டு கையாலயும் தாங்கணும், அதனால நீ அவ கையப் புடிச்சுக்கோ. என் மூச்சு தீர்ற வரைக்கும் விடாத."

மனைவி அவரை ஏற இறங்கப் பார்த்தாள். உங்களுக்கென்ன பைத்தியமா என்று கேட்கத்தான் வாயெடுத்தாள். கேட்க முடியவில்லை. அந்தப் பாழாய்ப்போன ஆசை அதற்குள் அவளையும் பிடித்துக்கொண்டது.

கல் பலகையில் கண்டபடியே அவர் பஞ்சை உருட்டி அவள் காதில் வைத்தார். அவள் பிடுங்கி எறிந்தாள்.

"அவ குரலக் கேக்காம நான் தெனம் செத்துக்கிட்டிருக்கேன். அவ வர்றப்போ காத அடைச்சிக்கிட்டு நிக்கணுமாங்க?"

கொம்பின் சத்தம் ஒன்றும் பெரிதில்லை, குருவி கத்துகிற மாதிரிதான் என்பது அவருக்குத் தெரியும். "சரி, வேணாம் விடு," என்றார்.

நெஞ்சு நிறைய மூச்சை இழுத்து ஊதினார்.

மகள் வந்தாள். ஈரத்தலை, தோளில் பை, ஒரு கையில் சாவி. அப்பாவைப் பார்த்ததும் சிரித்தாள்.

"அய்யோ, காலங்காத்தால என்னப்பா இது கச்சேரி?"

ஆறு மாதமாகக் கேட்காத குரல். அவருக்கு மூச்சு முட்டிக்கொண்டு வந்தது. விடவில்லை. அம்மா பாய்ந்து மகளின் மணிக்கட்டை இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்தாள். சூடான, நாடி துடிக்கிற கை.

"என்னம்மா? விடும்மா, நேரமாச்சு."

அம்மா விடவில்லை. இன்னும் இறுக்கினாள். அவருக்கு மூச்சு பாதிக்கும் கீழே போய்விட்டது. இன்னும் கொஞ்சம், இன்னும் கொஞ்சம்தான்.

"ஆ... அம்மா, வலிக்குதும்மா!"

கை திறந்துகொண்டது. அவள் திறக்கவில்லை, தானாகத் திறந்துகொண்டது. விடாதே, விடாதேடி என்று கத்த அவருக்கு உயிரே துடித்தது. வாயை எடுத்தால் மகள் போய்விடுவாள். ஊதிக்கொண்டே கண்ணால் கெஞ்சினார். மனைவி அவர் பக்கம் திரும்பவேயில்லை. மகளின் மணிக்கட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

மகள் கையை உதறிக்கொண்டு, "ரெண்டு பேருக்கும் என்னாச்சு இன்னைக்கு?" என்று சிரித்தபடி வாசலைத் தாண்டினாள். ஸ்கூட்டர் கிளம்பும் சத்தம் கேட்டது. அந்தச் சத்தத்துக்காகவே அவர் கடைசி மூச்சுவரை ஊதினார். மூச்சு தீர்ந்ததும் தெரு வெறிச்சென்று ஆனது. கொம்பு அவர் கையிலேயே இரண்டாகப் பிளந்தது.

அந்தக் கல்லில் கையைப் பிடித்திருந்தவரின் காதுகளை ஏன் மெழுகால் அடைத்திருந்தார்கள் என்று அவருக்கு இப்போது புரிந்தது. புரிந்து என்ன பிரயோசனம்? 'ஏன்டி விட்ட?' என்று கேட்க மனைவியிடம் போனார்.

அவள் தரையில் உட்கார்ந்து தன் உள்ளங்கைகளைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ரொம்ப அழுத்திப் புடிச்சிட்டேனோ?" என்றாள். "கை செவந்திருக்குமேங்க. அந்த வலியோடயேதான வண்டி ஓட்டிட்டுப் போயிருப்பா."